ஒரு பிட்டும் குறையாமல்

ஜப்பானின் கியோட்டோ நகரத்து நிண்டெண்டோ நிறுவனம் கேம்பாய் என்ற கையடக்க விளையாட்டு யந்திரத்தை விற்பனைக்கு அனுப்பியது 1989-ஆம் ஆண்டு ஏப்ரல் 21-ஆம் தேதி. அதே ஆண்டில், பசிபிக் மகாசமுத்திரத்துக்கு அப்பால், அமெரிக்காவின் மில்வாக்கி நகரில் பில் காட்ஸ் என்ற இளைஞர், கணினிக் கோப்புகளைச் சுருக்கிக் கட்டுகிற பி.கே.ஜிப் என்ற செயலியை வெளியிட்டார். முன்னது சிறுவர்களின் சட்டைப்பைக்காகச் செய்யப்பட்டது. பின்னது, தொலைபேசிக் கம்பி வழியே கோப்புகளை அனுப்பி, பேசிய நிமிஷங்களுக்கெல்லாம் கட்டணம் செலுத்தி வந்தவர்களின் செலவைக் குறைப்பதற்காகச் செய்யப்பட்டது. இவ்விரண்டும் பின்னொரு நாள் ஒரே உள்ளங்கையில் வந்து சேரும் என்று அந்த இரண்டு ஊர்களிலும் எவரும் எதிர்பார்த்திருக்க நியாயமில்லை. ஆனால் இன்று, கைபேசியில் எமுலேட்டர் என்னும் செயலியை நிறுவிக்கொண்டு பழைய கேம்பாய் விளையாட்டையோ, சோனி நிறுவனத்தின் கையடக்க யந்திரமான பி.எஸ்.பி.யின் விளையாட்டையோ ஆடத் தொடங்குகிற பெரும்பாலோர் முதற்காரியமாகச் செய்வது, சுருக்கப்பட்ட கோப்பு ஒன்றைத் தொட்டு ‘எக்ஸ்ட்ராக்ட்’ என்ற சொல்லை அழுத்துவதுதான்.

சிறிது நேரத்தில் முடிந்துவிடும் இந்தக் காரியத்தை யாரும் நின்று பார்ப்பதில்லை. நின்று பார்க்கிறவர்களுக்கு, மனித புத்தியின் நேர்த்தியான சாதனைகளில் ஒன்று அங்கே நடந்துகொண்டிருப்பது புலப்படும். அதன் சூட்சுமத்தை அறிந்துகொண்டவர்களுக்கோ, கோப்பு திறக்கவில்லை, திரை கறுத்து நிற்கிறது, விளையாட்டு பட்டியலில் தென்படவே இல்லை என்பன போன்ற அன்றாடச் சங்கடங்களும் பெரும்பாலும் தாமாகவே விலகிவிடும். அழிந்துபோயிருக்க வேண்டிய ஆயிரக்கணக்கான விளையாட்டுகள் இன்னும் ஜீவித்திருப்பது இந்தச் சிறு காரியத்தின் துல்லியத்தால்தான் என்பது என் அபிப்பிராயம்; அதை விரிவாகச் சொல்லவே இக்கட்டுரை.

கேம்பாயை உருவாக்கிய குழுவுக்குத் தலைமை தாங்கியவர் குன்பெய் யோகோய். 1965-இல் நிண்டெண்டோவில், சீட்டுக்கட்டு தயாரிக்கும் யந்திரங்களைப் பராமரிக்கும் வேலையில் சேர்ந்தவர் அவர். புதுமை மோகத்தில் விலையுயர்ந்த பாகங்களை நாடாமல், நன்றாகப் பழகி, குணதோஷங்கள் எல்லாம் தெரிந்து, விலையும் மலிந்துவிட்ட பாகங்களைப் புதிய வழியில் உபயோகிக்க வேண்டும் என்பது அவர் கடைப்பிடித்த சித்தாந்தம். ஆகவே கேம்பாயின் திரையில் வண்ணம் இல்லை. அகலம் 160 புள்ளி, உயரம் 144 புள்ளி, சாயல் மொத்தம் 4. வேலை செய்வதற்கான நினைவகம் 8 கிலோபைட். போட்டிக்கு வந்த அட்டாரி லிங்க்ஸும் சேகா கேம் கியரும் வண்ணத் திரையோடு பகட்டாக வந்தன. ஆனால் 6 பாட்டரிகளைப் போட்டாலும் சில மணி நேரத்திற்குமேல் அவை தாங்கவில்லை. 4 பாட்டரிகளில் நெடுநேரம் ஓடிய கேம்பாயோ, பிற்பாடு வந்த கேம்பாய் கலருடன் சேர்ந்து, உலகம் முழுவதும் 11 கோடியே 86 லட்சத்துக்கு மேல் விற்றது. யோகோய் 1997-இல் ஒரு சாலை விபத்தில் காலமானார்.

அவருடைய சிக்கனம் விளையாட்டுகளின் அளவையும் நிர்ணயித்தது. கேம்பாயுடன் பல நாடுகளில் சேர்த்தே விற்கப்பட்ட டெட்ரிஸ் விளையாட்டு முழுவதும் 32 கிலோபைட்டுக்குள் அடங்கிவிட்டது. இன்றைக்குக் கைபேசியில் எடுக்கும் ஒரு புகைப்படம் அதைப்போல நூறு மடங்குக்கு மேலும் இடம் பிடிக்கும். 1996-இல் ஜப்பானில் வெளிவந்த முதல் போக்கிமான் விளையாட்டு, 151 பிராணிகளையும் அவை உலவும் ஊர்களையும் காடுகளையும் குகைகளையும் 512 கிலோபைட்டுக்குள் வைத்திருந்தது. இது எப்படிச் சாத்தியமாயிற்று என்றால், விளையாட்டைத் தாங்கி யந்திரத்தில் செருகப்படும் கார்ட்ரிட்ஜ் என்ற சிறு பெட்டிக்கு உள்ளேயே பிராணிகளின் சித்திரங்கள் சுருக்கப்பட்ட நிலையில் இருந்தன. ஒவ்வொன்றும் திரைக்கு வரவேண்டிய தருணத்தில் விளையாட்டே அதை விரித்துக் கொண்டுவந்தது. அடுத்து 1999-இல் வந்த போக்கிமான் கோல்டு, சில்வர் விளையாட்டுகளுக்கு, சித்திரங்களைச் சுருக்கும் கருவிகளைச் செய்து கொடுத்தவர், பிற்காலத்தில் நிண்டெண்டோவின் தலைவராக உயர்ந்த சடோரு இவாட்டா. ஆகவே சுருக்குவதும் விரிப்பதும் இந்த விளையாட்டுகளுக்கு வெளியிலிருந்து வந்து ஒட்டிக்கொண்ட பழக்கமல்ல, பிறவியிலேயே உடன்வந்தது.

சுருக்கத்தின் ரகசியம்

ஒரு கோப்பைச் சுருக்குவது என்றால் அதில் உள்ள எதையோ கழித்து எறிவது என்று பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். புகைப்படங்களிலும் பாட்டுக் கோப்புகளிலும் அது ஓரளவு உண்மை. கண்ணும் காதும் கவனிக்காத நுட்பங்களை அங்கே விட்டுவிடுவது உண்டு. ஒரு விளையாட்டின் கட்டளைத் தொகுதியில் அப்படி விட்டுவிட முடியாது. லட்சக்கணக்கான பைட்டுகளில் ஒன்று மாறினாலும், நாயகன் சுவருக்குள் சிக்கிக்கொள்ளலாம், விளையாட்டு தொடங்காமலே நின்றுபோகலாம். எனவே இங்கே வேண்டியது, விரித்த பின் மூலத்தினின்றும் ஓர் அணுவும் பிறழாத சுருக்கம்.

அதற்கு வழிகாட்டியவர்கள் இஸ்ரேலின் ஹைஃபா நகரில் உள்ள டெக்னியான் கல்விக்கூடத்தைச் சேர்ந்த ஆப்ரஹாம் லெம்பெல், ஜேக்கப் சிவ் என்ற இரு அறிஞர்கள். 1977-இல் அவர்கள் வெளியிட்ட ஆராய்ச்சியின் சாரம், முன்பே வந்த ஒரு தொடர் மறுபடியும் வருமானால் அதைத் திரும்ப எழுதாமல், இவ்வளவு தூரம் பின்னால் போய் இத்தனை எழுத்துகளை எடுத்துக்கொள் என்று மட்டும் குறித்துவிட்டால் போதும் என்பதுதான். கீர்த்தனைப் புத்தகத்தைப் புரட்டியவர்களுக்கு இது எளிதில் விளங்கும். பல்லவி ஒருமுறை முழுமையாக அச்சிடப்பட்டிருக்கும். அநுபல்லவி முடிந்ததும், ஒவ்வொரு சரணம் முடிந்ததும், அதன் முதற்சொல் மட்டும் அடைப்புக்குறிக்குள் நிற்கும். பாடுகிறவர் பின்னோக்கிச் சென்று பல்லவி முழுவதையும் எடுத்துப் பாடிவிட்டு வருவார். ஏட்டில் இடம் மிச்சம். பாட்டில் ஓர் எழுத்தும் குறைவதில்லை.

இதனோடு சேர்ந்துகொண்ட இன்னொரு யுக்தி அதற்கும் முந்தியது. அமெரிக்காவின் எம்.ஐ.டி. கல்விக்கூடத்தில் ராபர்ட் ஃபானோ என்ற பேராசிரியரிடம் பயின்ற டேவிட் ஹஃப்மன் என்ற மாணவர், 1951-இல், பரீட்சைக்குப் பதிலாகக் கட்டுரை எழுதலாம் என்ற சலுகையை ஏற்றுக்கொண்டு, அடிக்கடி வரும் எழுத்துக்குக் குறுகிய சங்கேதமும் அபூர்வமாக வரும் எழுத்துக்கு நீண்ட சங்கேதமும் கொடுப்பதற்கான மிகச் சிறந்த முறையைக் கண்டுபிடித்தார். அது 1952-இல் அச்சேறிற்று. லெம்பெல், சிவ் இருவரின் பின்னோக்கும் முறையையும், ஹஃப்மனின் சங்கேத முறையையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, டிஃப்ளேட் என்ற பெயரால் பில் காட்ஸ் அமைத்த ஏற்பாடுதான் இன்றளவும் ஜிப் கோப்புகளின் உள்ளே இயங்கிவருகிறது. அந்த ஏற்பாடு பின்னோக்கிப் பார்க்கக்கூடிய எல்லை 32,768 பைட். டெட்ரிஸ் விளையாட்டின் முழு அளவும் சரியாக அதே 32,768 பைட். யாரும் திட்டமிட்டு நேர்ந்ததல்ல; ஆயினும் அந்த விளையாட்டு முழுவதையும் ஒரே பார்வையில் பார்த்துக்கொண்டே ஜிப் அதைச் சுருக்குகிறது என்பதை எண்ணும்போது எனக்கு மனம் நெகிழ்கிறது.

காட்ஸ் தம் கோப்பு அமைப்பின் விவரங்களை மறைத்து வைக்காமல் எல்லோரும் கையாளும்படி வெளியிட்டார். அதற்கு முன்பு, ஆர்க் என்ற வேறொரு சுருக்கச் செயலியின் உரிமையாளர்கள் தொடுத்த வழக்கில் 1988-இல் அவர் சமரசத்துக்கு இணங்க நேர்ந்த கசப்பு அந்தத் தாராளத்துக்கு ஒரு காரணமாக இருந்திருக்கலாம். 2000-ஆம் ஆண்டில், 37-ஆவது வயதில், அவர் காலமானார். ஒரு ஜிப் கோப்பை அதன் பைட்டுகள் தெரியும்படி திறந்து பார்த்தால், முதல் இரண்டு எழுத்துகளாக ‘பி’, ‘கே’ என்பவை நிற்பதைக் காணலாம். அவை அவருடைய பெயரின் தலைப்பெழுத்துகள். ஆண்ட்ராய்டு கைபேசியில் நிறுவப்படும் ஏ.பி.கே. கோப்பும் அமைப்பில் ஒரு ஜிப் கோப்பே ஆதலால், விளையாட்டு மட்டுமன்றி, அதை ஆட்டுவிக்கிற எமுலேட்டரும் அவருடைய பொதியில்தான் நம் கைக்கு வந்து சேருகிறது. பின்னால் வந்த ஆர்.ஏ.ஆர். ரஷ்யாவைச் சேர்ந்த யூஜின் ரோஷல் 1993-இல் செய்தது. செவன்-ஜிப், அதே நாட்டு இகோர் பாவ்லோவ் 1999-இல் தொடங்கியது. இவை ஜிப்பைக் காட்டிலும் இறுக்கமாகக் கட்டும். அவிழ்க்கச் சற்று அதிக நேரம் பிடிக்கும்.

எமுலேட்டர் என்ன செய்கிறது

கார்ட்ரிட்ஜில் உள்ள சில்லின் உள்ளடக்கத்தை அப்படியே பிரதி எடுத்த கோப்புக்கு ரோம் என்று பெயர். எமுலேட்டரின் கடமை, அந்த ரோமை நம்பவைப்பது என்று சொல்லலாம். தான் குடியிருப்பது உண்மையான கேம்பாயில்தான் என்று அது கருதும்படி, பழைய யந்திரத்தின் ஒவ்வொரு செய்கையையும் மென்பொருளால் நடத்திக் காட்டவேண்டும். கேம்பாயின் கடிகாரம் விநாடிக்கு 41,94,304 முறை துடித்தது. திரையில் ஒரு காட்சியை வரைய 70,224 துடிப்புகள் ஆயின. இந்தக் கணக்கில் சிறிது பிசகினாலும், துடிப்புகளை எண்ணி எழுதப்பட்ட சில விளையாட்டுகளில் திரை நடுங்கும், இசை தாளம் தப்பும். யந்திரம் தன் ஆரம்பப் பரீட்சையாக, கார்ட்ரிட்ஜில் நிண்டெண்டோவின் சின்னத்தை வரைவதற்கான 48 பைட்டுகள் சரியாக இருக்கின்றனவா என்று ஒப்பிட்டுப் பார்க்கும்; ஒன்று மாறியிருந்தாலும் மேலே செல்லாது. 1995-இல் மராட் ஃபைசுல்லின் என்பவர் வெளியிட்ட வர்ச்சுவல் கேம்பாய் முதல், விக்கி ஃபாவ் என்பவரின் எம்.ஜி.பி.ஏ. வரையில், இந்தத் துறையில் உழைத்தவர்கள் ஆண்டுக்கணக்காக ஈடுபட்டிருந்தது, பழைய சில்லுகளின் ஒவ்வோர் அங்க அசைவையும் அளந்து எழுதும் பணியில்தான். பலர் இதற்காக ஒரு காசும் பெற்றவர்களல்லர் என்பதையும் இங்கே நன்றியோடு சொல்லவேண்டும்.

இனி, அநேகரைக் குழப்புகிற கேள்விக்கு வருவோம். கேம்பாய் விளையாட்டை ஜிப் கோப்பாகவே எமுலேட்டரில் திறக்க முடிகிறது, பி.எஸ்.பி. விளையாட்டை மட்டும் பிரித்தெடுத்த பிறகுதான் ஆட வேண்டியிருக்கிறது, ஏன்?

விடை அளவில் இருக்கிறது. அதைவிட முக்கியமாக, படிக்கும் முறையில் இருக்கிறது. 2001-இல் வந்த கேம்பாய் அட்வான்சின் கார்ட்ரிட்ஜ்கூட 32 மெகாபைட்டுக்கு மேற்படுவது வழக்கமில்லை. எம்.ஜி.பி.ஏ. போன்ற ஓர் எமுலேட்டர் ஜிப்பைத் திறந்து, ரோம் முழுவதையும் கைபேசியின் நினைவகத்திலேயே விரித்து வைத்துக்கொண்டுவிடும். நமக்கு அது நடந்ததே தெரியாது. அந்தக் கார்ட்ரிட்ஜ்களில் சில்லின் அளவு எப்போதும் 4, 8, 16, 32 என்று இரட்டித்தே போகவேண்டியிருந்தபடியால், விளையாட்டு நிரப்பாத மிச்ச இடமெல்லாம் ஒரே எண் திரும்பத் திரும்ப எழுதப்பட்டுக் கிடக்கும். அத்தகைய இடம் சுருக்கும்போது ஏறக்குறைய ஒன்றுமில்லாமல் ஆகிவிடுகிறது. பெரிய ரோம் சிறிய ஜிப்பாக வருவதைக் கண்டு, ஏதோ குறைபட்டிருக்கிறது என்று அஞ்சவேண்டியதில்லை.

சோனி நிறுவனம் 2004 டிசம்பர் 12-இல் ஜப்பானில் வெளியிட்ட பி.எஸ்.பி. யந்திரமோ கார்ட்ரிட்ஜை விட்டு, 6 சென்டிமீட்டர் விட்டமுள்ள யு.எம்.டி. என்ற வட்டத்தகட்டுக்குப் போயிற்று. அதில் 1.8 கிகாபைட் வரை கொள்ளும். யந்திரத்தின் நினைவகமோ முதலில் 32 மெகாபைட்தான். ஆகவே விளையாட்டு தகட்டை முழுவதும் படித்து வைத்துக்கொள்ள முடியாது. ஒரு நகரத்தில் நுழையும்போது அந்நகரத்தின் பாகத்தையும், ஒரு பாட்டு ஒலிக்கவேண்டும்போது அந்தப் பாட்டின் பாகத்தையும், தகட்டில் அது எங்கே இருக்கிறதோ அங்கே தாவிப் படித்துக்கொள்ளும். தகட்டின் முழுப் பிரதியான ஐ.எஸ்.ஓ. கோப்பை வைத்து ஆடும்போதும், விளையாட்டு அவ்வாறே நொடிக்கு நொடி தாவும்.

ஜிப் கோப்பில் அப்படித் தாவ இயலாது. பல்லவியைப் பாடாதவர் நடுச் சரணத்தின் முடிவில் எதைத் திருப்பிப் பாடுவார்? ஒவ்வோர் இடமும் தனக்கு முன்னால் விரிக்கப்பட்டதைச் சுட்டியே எழுதப்பட்டிருக்கிறபடியால், கோப்பின் நடுவில் உள்ள ஒன்றைப் படிக்கவும் முதலிலிருந்து விரித்துக்கொண்டு வரவேண்டும். விளையாட்டின் ஒவ்வொரு தாவலுக்கும் இப்படிச் செய்வதானால் ஆட்டம் நடக்காது. அதனால்தான் பி.எஸ்.பி. எமுலேட்டர்களில் மிகவும் பிரசித்தி பெற்றதும், ஹென்ரிக் ரைட்கார்ட் 2012 நவம்பரில் வெளியிட்டதுமான பி.பி.எஸ்.எஸ்.பி.பி., ஆர்.ஏ.ஆர். கோப்பையோ செவன்-ஜிப் கோப்பையோ காட்டினால், முதலில் பிரித்துக்கொண்டு வரும்படி சொல்லிவிடுகிறது.

இந்த இக்கட்டுக்கு, பி.எஸ்.பி. உலகில் புழங்கியவர்கள் கண்ட பரிகாரம் மிக அழகானது. தகட்டின் பிரதியை 2,048 பைட் கொண்ட சிறு சிறு துண்டுகளாக வகுத்து, ஒவ்வொரு துண்டையும் மற்றதன் துணையின்றித் தனித்தனியே சுருக்கி, எந்தத் துண்டு எங்கே தொடங்குகிறது என்ற அட்டவணையைக் கோப்பின் தலைப்பில் வைத்துவிட்டார்கள். வேண்டிய துண்டை அட்டவணையில் பார்த்து நேரே போய் எடுத்து, அதை மட்டும் விரித்துக்கொள்ளலாம். இதுவே சி.எஸ்.ஓ. கோப்பு. துண்டு சிறியதாகையால் பின்னோக்கிப் பார்க்க இடம் குறைவு. எனவே இறுக்கமும் குறைவு. அந்த நஷ்டத்துக்கு ஈடாகப் பிரிக்காமலே ஆடும் சௌகரியம் கிடைத்தது. மேம் என்ற பழைய எமுலேட்டர் திட்டத்திலிருந்து வந்த சி.எச்.டி. கோப்பும் இதே தத்துவத்தை இன்னும் செம்மையாகக் கையாளுகிறது. கைபேசியில் இடம் குறைவாக இருப்பவர்கள் ஐ.எஸ்.ஓ. கோப்பை இவ்விரண்டில் ஒன்றாக மாற்றி வைத்துக்கொள்வதே உசிதம் என்பேன்.

பிரிக்கும்போது நடப்பவை

ஒரு பி.எஸ்.பி. விளையாட்டின் பொதியைப் பிரிக்கும் காரியத்தைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். ஜிப் என்றால் கைபேசியில் உள்ள ஃபைல்ஸ் செயலியே போதும், ஆர்.ஏ.ஆர்., செவன்-ஜிப் ஆகியவற்றுக்கு இசட்-ஆர்க்கைவர் போன்ற செயலி வேண்டும். கணினியில் விண்டோஸ் 11 இவற்றை 2023 முதல் தானே திறக்கிறது. கோப்பைத் தொட்டதும் செயலி முதலில் நாடுவது அதன் ஆரம்பத்தையல்ல, முடிவை. உள்ளே என்னென்ன கோப்புகள், எவ்வளவு அளவு, எங்கே தொடங்குகின்றன என்ற பட்டியலைக் காட்ஸ் கடைசியில்தான் வைத்தார். பதிவிறக்கம் பாதியில் அறுபட்ட ஜிப் கோப்பில் அந்த வால் இல்லாதபடியால், உள்ளே முக்கால்வாசி நன்றாக இருந்தாலும், கோப்பு பழுதானது என்று செயலி கைவிரித்துவிடுகிறது. மறுபடி முழுமையாக இறக்கிக்கொள்வதே இதற்கு வழி.

விரித்து முடிந்ததும் இன்னொரு சோதனை நடக்கிறது. சுருக்குவதற்கு முன் மூலக் கோப்பின் பைட்டுகள் எல்லாவற்றையும் ஒரு கணிதச் சூத்திரத்தின் வழியே செலுத்திக் கிடைத்த 32 பிட் எண் ஒன்று பொதியில் பதிந்திருக்கும், அதற்கு சி.ஆர்.சி. என்று பெயர். விரித்த கோப்பிலும் அதே கணக்கைப் போட்டுப் பார்த்து, இரண்டு எண்களும் ஒத்திருந்தால்தான் செயலி திருப்தி அடையும். சி.ஆர்.சி. பிழை என்று ஒரு செய்தி வந்தால், அதைப் புறக்கணித்து விளையாட்டைத் தொடங்கிப் பார்க்கும் ஆசையை அடக்கிக்கொள்ள வேண்டும். தொடக்கத்தில் ஒழுங்காக ஓடிய விளையாட்டு, பழுதுபட்ட பைட்டுகள் இருக்கும் இடத்தை எட்டியதும், பல மணி நேரப் பிரயாசைக்குப் பின் உறைந்துபோகும்.

பொதி பல பகுதிகளாக வந்திருந்தால், எல்லாப் பகுதிகளும் ஒரே கோப்புறையில், பெயர் மாறாமல் இருக்கவேண்டும். முதற்பகுதியை மட்டும் திறந்தால் மற்றவற்றைச் செயலி தானே தேடிக்கொள்ளும். பிரிக்கும் நேரத்தில் பொதியும் அதன் உள்ளடக்கமும் ஒருங்கே இருக்க இடம் தேவை. 1 கிகாபைட் பொதி 1.5 கிகாபைட்டாக விரியுமானால், பொதிக்கான இடத்தையும் சேர்த்து இரண்டரை கிகாபைட் இருந்தால்தான் காரியம் ஆகும்.

எல்லாவற்றிலும் அதிகமாக நேருகிற தவறு, அளவுக்கு மீறிப் பிரித்துவிடுவது. ஆர்.ஏ.ஆர். பொதியிலிருந்து ஐ.எஸ்.ஓ. கோப்பு வெளிவந்ததும் நிறுத்திக்கொள்ள வேண்டும். ஆனால் கணினியில் வின்ரார் போன்ற செயலிகள் ஐ.எஸ்.ஓ. கோப்பையும் இன்னொரு பொதியாகப் பாவித்து, அதற்கும் அதே புத்தகக்கட்டுச் சித்திரத்தை இட்டுக் காட்டும். பிரிப்பவரும் இன்னும் ஒரு முடிச்சு இருக்கிறது போலும் என்று அதையும் அவிழ்த்துவிடுவார். உள்ளிருந்து ‘பி.எஸ்.பி. கேம்’ என்ற கோப்புறையும், அதற்குள் ‘ஈபூட்’, ‘பாராம்’ முதலிய பெயர்களுள்ள கோப்புகளும் சிதறி வரும். அவை தகட்டின் அவயவங்கள். அவற்றை அப்படித் தனித்தனியே எடுத்துப் போட்டுவிட்டு விளையாட்டு ஓடவில்லையே என்று கவலைப்படுவோர் அநேகர். அவற்றை நீக்கிவிட்டு, பிரிக்காத ஐ.எஸ்.ஓ. கோப்பை எமுலேட்டரிடம் கொடுத்தால் சங்கடம் தீர்ந்தது.

ஜப்பானில் கட்டப்பட்ட பழைய ஜிப் பொதிகளைப் பிரித்தால், கோப்பின் பெயர்கள் பொருளற்ற குறிகளின் வரிசையாக வருவதும் உண்டு. ஜிப் தோன்றிய காலத்தில் ஆங்கிலமும் சில ஐரோப்பிய எழுத்துகளும் மட்டுமே அதில் பெயர்களாக எதிர்பார்க்கப்பட்டன. பெயர் யூனிகோடில் எழுதப்பட்டிருக்கிறது என்று குறிக்கும் அடையாளம் பிற்பாடுதான் சேர்க்கப்பட்டது. தமிழில் பெயரிட்டுக் கட்டிய பொதிகளுக்கும் பழைய செயலிகளில் இதே கதி நேர்ந்தது. பெயர்தான் கெட்டிருக்கிறது, உள்ளடக்கம் கெடவில்லை. பெயரை மாற்றி எழுதிக்கொண்டால் போதும்.

ஆனால் ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்லவேண்டும். கேம்பாய் விளையாட்டு என்று வந்த பொதியைத் திறந்ததும், கணினியில் தானே இயங்கக்கூடிய ஈ.எக்ஸ்.ஈ. கோப்போ, கைபேசியில் நிறுவவேண்டிய ஏ.பி.கே. கோப்போ உள்ளே இருந்தால், அதைத் தொடாமல் உடனே நீக்கிவிட வேண்டும். ரோம் என்பது எமுலேட்டர் படிக்கிற வெறும் தரவு. தானே எழுந்து இயங்கும் சக்தி அதற்கு இல்லை. கடவுச்சொல் இட்டுப் பூட்டி, அந்தச் சொல்லைப் பெற இன்னொரு செயலியை நிறுவு என்று கேட்கிற பொதியும் இதே ரகம். உள்ளே இருப்பதைப் பாதுகாப்புச் செயலிகள் பார்த்துவிடக்கூடாது என்பதே அந்தப் பூட்டின் நோக்கமாக இருப்பது வழக்கம்.

யாருடைய உரிமை

எமுலேட்டரை உருவாக்குவதே குற்றமா என்ற கேள்வியை அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று 2000-ஆம் ஆண்டில், சோனிக்கும் கனெக்டிக்ஸ் என்ற நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில் ஆராய்ந்து, யந்திரத்தின் இயக்கத்தைப் புரிந்துகொள்வதற்காக அதன் மென்பொருளை இடைக்காலத்தில் பிரதி செய்தது நியாயமான உபயோகமே என்று தீர்ப்பளித்தது. ஆப்பிள் நிறுவனமும் நெடுங்காலம் மறுத்துவிட்டு, 2024 ஏப்ரலில் தன் கடையில் எமுலேட்டர்களை அனுமதித்தது. விளையாட்டுகளின் பிரதிகள் வேறு விஷயம். அவை எழுத்தாளனின் நூலைப் போலவே பதிப்புரிமைக்கு உட்பட்டவை. இந்தியாவின் 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு, ஒரு கணினி நிரலின் பிரதியை முறையாக வைத்திருப்பவர், அது தொலைந்தோ பழுதடைந்தோ போகாமலிருக்கப் பாதுகாப்புப் பிரதி எடுத்துக்கொள்வதையும், சட்டப்படி தமக்குக் கிடைத்த பிரதியிலிருந்து வாணிபமல்லாத சொந்த உபயோகத்துக்காகப் பிரதி செய்வதையும் உரிமை மீறலாகக் கருதுவதில்லை. காசு கொடுத்து வாங்கிய கார்ட்ரிட்ஜை உடையவனுக்கு இது ஆறுதலான வாசகம். வாங்காத விளையாட்டை முகந்தெரியாத இடத்திலிருந்து இறக்கிக்கொள்பவனுக்கு இதில் அடைக்கலம் இல்லை.

இதை ஒப்புக்கொள்ளும் அதே வேளையில், உரிமையாளர்களை நோக்கியும் ஒரு வார்த்தை சொல்லாமல் இருக்க முடியவில்லை. வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் வெளியிட்ட ஆய்வின்படி, அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் 87 விழுக்காடு அப்போது எந்தக் கடையிலும் விற்பனைக்கு இருக்கவில்லை. பழைய கேம்பாய் விளையாட்டுகள் பலவற்றை விற்றுவந்த நிண்டெண்டோ 3டி.எஸ். இணையக் கடையும் அதே ஆண்டு மார்ச் 27-இல் மூடப்பட்டது. விற்கவும் மாட்டோம், பிறர் காப்பாற்றவும் கூடாது என்ற நிலை, சட்டத்துக்கு ஒத்ததாயினும், தர்மத்துக்கு ஒத்தது என்று நான் கருதவில்லை. பெரும் பொருள் கொடுத்து, பல நாட்டுக் கலைஞர்களின் உழைப்பால் உருவான இந்தப் படைப்புகளை, நூலகங்களும் ஆராய்ச்சி நிலையங்களும் முறைப்படி பேணுவதற்கு உரிமையாளர்களே முன்வந்து இசைவு தரவேண்டும்.

பேணுதலுக்கும் பதிப்புரிமைக்கும் இசைவான வழியைச் சில அபிமானிகள் காட்டியிருக்கிறார்கள். 2006-இல் ஜப்பானில் மட்டும் வெளிவந்த மதர் 3 என்ற கேம்பாய் அட்வான்ஸ் விளையாட்டை, கிளைடு மாண்டலின் தலைமையிலான ஒரு குழு ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 2008 அக்டோபரில் வெளியிட்டது. அவர்கள் விளையாட்டைக் கொடுக்கவில்லை; மூலத்தில் எந்தெந்த இடத்தில் எந்தெந்த பைட்டுகள் மாறவேண்டும் என்ற வித்தியாசக் கோப்பை மட்டும் கொடுத்தார்கள். கார்ட்ரிட்ஜை உடையவர் தம் பிரதிமீது அதைப் பொருத்திக்கொள்ளலாம். அந்தப் பிரதி மூலத்தோடு ஒரு பைட் பிறழ்ந்திருந்தாலும் கணக்கு ஒத்துவராமல் பொருத்தும் செயலி மறுத்துவிடும். எனவே பிரதி எடுப்பதிலும், சுருக்குவதிலும், விரிப்பதிலும் துல்லியம் குலையாமல் இருந்தால்தான் இத்தகைய அன்புப் பணிகள் பலிக்கும்.

சொந்தக் கார்ட்ரிட்ஜிலிருந்து ரோமை எடுப்பதற்கு, யு.எஸ்.பி. கம்பியால் கணினியோடு இணைக்கிற சிறு கருவிகள் விற்கின்றன. பி.எஸ்.பி. தகடுகளுக்கோ அந்த யந்திரமேதான் வழி. அதில் மாற்று இயக்க மென்பொருளை ஏற்றி, கணினியோடு இணைத்து, யு.எஸ்.பி. அமைப்பில் யு.எம்.டி.யைத் தேர்ந்தெடுத்தால், தகடு முழுவதும் ஓர் ஐ.எஸ்.ஓ. கோப்பாகத் தென்படும், அதைப் பிரதி செய்துகொள்ள வேண்டியதுதான். பி.எஸ்.பி.யின் உற்பத்தி 2014-இலேயே நின்றுவிட்டது. தகடு சுழற்றும் பாகம் தேய்ந்துபோன யந்திரங்கள் ஆண்டுதோறும் பெருகி வருகின்றன. ஆகையால் தகடுகளை அலமாரியில் வைத்திருப்பவர்கள் இந்தக் காரியத்தைத் தள்ளிப்போடுவது நல்லதல்ல.

கேம்பாய் கார்ட்ரிட்ஜ்களில் அவசரம் இன்னும் அதிகம். போக்கிமான் போன்ற விளையாட்டுகளில், ஆடியவரின் முன்னேற்றம் பதிவாகியிருக்கும் நினைவகத்துக்கு உயிர் கொடுப்பது கார்ட்ரிட்ஜுக்குள் பற்றவைக்கப்பட்ட நாணய வடிவமான ஒரு சிறு பாட்டரி. கோல்டு, சில்வர் கார்ட்ரிட்ஜ்களில் ஒரு கடிகாரமும் அதே பாட்டரியில் ஓடுவதால், அது சீக்கிரமாகவே தீர்ந்துவிடுகிறது. பாட்டரி தீர்ந்தால் ரோம் கெடாது. ஆனால் சிறுவயதில் அருமையாகப் பிடித்துச் சேர்த்த பிராணிகள் அத்தனையும் மறைந்துவிடும். ரோமை எடுக்கும் அதே கருவியால் இந்தச் சேமிப்பையும் ஒரு சிறு கோப்பாக எடுக்கலாம். எமுலேட்டர் அதை அப்படியே ஏற்றுக்கொள்ளும். ஒரே ஒரு நிபந்தனை, சேமிப்புக் கோப்பின் பெயரும் ரோமின் பெயரும் ஒன்றாக இருக்கவேண்டும். ரோமின் பெயரை மாற்றினால் இதன் பெயரையும் மாற்றிக்கொள்ளவேண்டும். ஆட்டத்தின் நடுவில் எமுலேட்டர் எடுத்துவைக்கிற நொடிநேரப் பதிவு வேறு வகையானது. செயலியின் பதிப்பு மாறும்போது அது செல்லாமற் போகக்கூடும் ஆதலால், விளையாட்டினுள்ளேயே சேமிப்பதை வழக்கமாக்கிக்கொள்வது நல்லது. ரோமையும் சேமிப்புக் கோப்பையும் ஒரே ஜிப் பொதியில் கட்டி, கணினியில் ஒன்றும் வெளியே தனி வட்டில் ஒன்றுமாக வைத்துவிட்டு, வருஷத்துக்கு ஒருமுறை செயலியில் சோதனைக் கட்டளை கொடுத்து சி.ஆர்.சி. எண் ஒத்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளலாம். ஒன்றில் பழுது கண்டால் மற்றதிலிருந்து புதிய பிரதி எடுத்து வைக்க அவகாசம் இருக்கும்.